உள்பக்கத் தாழ்ப்பாள்

அன்றைக்கு எங்கள் வீட்டில் நடந்த அமளியைப் பார்த்திருந்தால் ஏதோ மாளிகைக்குக் குடிபோகிறோம் என்றுதான் நினைத்திருப்பீர்கள். விஷயம் இவ்வளவுதான்: கூடத்தின் ஒரு மூலையைப் பலகை வைத்து மறைத்து, பதிமூன்று வயதுப் பெரியவளுக்குத் தனி அறை. கட்டிலைப் போட்டால் நடக்க இடமில்லை. ஆனாலும் அவளுக்குத் தலைகால் புரியவில்லை. "அம்மா, என் ரூம்மா! எனக்கே எனக்கு!" என்று வீட்டை இரண்டாக்கினாள்.

கதவு அவள் அப்பா கைவேலை. கடைகளுக்கு ஷட்டர் போடுவதுதான் என் வீட்டுக்காரரின் தொழில். மகளுக்கென்று தகரம் வெட்டி, பற்றவைத்து, நீலப் பெயின்ட் அடித்து, தானே தோளில் தூக்கிவந்து மாட்டினார். மனிதருக்கு அவ்வளவு பெருமை!

பெரியவள் துள்ளிக்கொண்டு உள்ளே போய்க் கதவைச் சாத்தினாள். சின்னவள் சும்மா இருப்பாளா? வெளியிலிருந்து தாழ்ப்பாளைப் போட்டுவிட்டு விழுந்து விழுந்து சிரித்தாள். ஆமாம், தாழ்ப்பாள் வெளியில்! உள்ளே ஒன்றுமே இல்லை. காலமெல்லாம் கடையைப் பூட்டிவிட்டுப் போகிறவர்களுக்கே கதவு செய்த கை, பழக்கதோஷத்தில் இங்கேயும் அதையே செய்துவிட்டது.

"இது ரூமாப்பா, குடோனா?" என்று உள்ளேயிருந்து பெரியவள் கத்தினாள். நான் ஓடிப்போய்த் திறந்தேன். அழுகையை அடக்கிக்கொண்டு நின்றாள். "உள்பக்கம் போட்டுக் குடுங்கப்பா."

"உள்ள எதுக்கு? நம்ம வீட்டுல யாருக்குப் பயந்து பூட்டிக்கப்போற?" என்றார் அவர்.

எனக்கு வந்ததே கோபம்! "பயந்து இல்லைங்க. துணி மாத்தணும்னா பாத்ரூம் காலியாகுற வரைக்கும் காத்துக் கிடக்குறா. கண்ணாடி முன்னாடி நின்னா தங்கச்சி கேலி பண்றா. அழணும்னாகூட போர்வைக்குள்ளதான் அழறா. இதெல்லாம் உங்க கண்ணுல படவே இல்லையா?"

அவர் மகளை அன்றைக்குத்தான் பார்ப்பதுபோல் பார்த்தார். பிறகு கருவிப் பையை எடுத்துக்கொண்டு உள்ளே போனார்.

வேலை முடிந்து அவர் வெளியே வந்ததும் பெரியவள் உள்ளே போய்க் கதவைச் சாத்தினாள். 'டக்'கென்று தாழ்ப்பாள் விழுந்தது. எனக்கே உடம்பு சிலிர்த்துவிட்டது. கொஞ்சம் பயமாகவும் இருந்தது, மறைப்பானேன்.

ஸ்குரூடிரைவர் உள்ளேயே இருப்பது அவருக்கு அப்போதுதான் நினைவு வந்தது. பழக்கத்தில் கதவைத் தள்ளினார். அசையவில்லை. கையை உயர்த்தி, தயங்கி, மெல்லத் தட்டினார்.

"யாரு?"

"அப்பாதான்டா. உள்ள வரலாமா?"

"ஒரு நிமிஷம் இருங்கப்பா!"

என் பக்கம் திரும்பினார். கண் கலங்கியிருந்தது, சிரிப்போ முகத்தில் கொள்ளவில்லை.

"பாத்தியா," என்றார் ரகசியமாக, "என்னை வெளியில நிக்கச் சொல்றா!"