அப்பா குடிக்காத எலுமிச்சை டீ

டீயை ஆற வைத்து விற்பதுதான் என் தொழில். சூடாக விற்பவர்களுக்கு ஊரில் ஒரு பெயர் உண்டு, கடை வாசலில் ஒரு பெஞ்ச் உண்டு, பெஞ்சில் உட்கார்ந்து உலகத்தைத் திருத்த நாலு பேர் உண்டு. ஆற வைத்து விற்கிற எனக்கு இருப்பது ஒரு ஃபிரிட்ஜ், தெருவைப் பார்த்த ஒரு ஜன்னல், வருகிறவர்களுக்கெல்லாம் சொல்லிச் சொல்லித் தேய்ந்துபோன ஒரு விளக்கம். ஊறுகாயோ கேக்கோ முறுக்கோ, வீட்டில் இருந்தபடி எதையாவது செய்து விற்கிற உங்களுக்கு நான் படும் பாடு புரியும். நாமெல்லாம் ஒரே குட்டையில் ஊறின மட்டைகள்தானே.

சோறு ஆறலாம்

என் அப்பா பூவம் கிராமத்தில் நெல் விவசாயம் செய்கிறவர். நான் காரைக்காலில் ஒரு தனியார் பள்ளிக்கூடத்தில் டீச்சராக இருந்தவரைக்கும் அவரை ஊரில் "டீச்சரோட அப்பா" என்றுதான் சொல்வார்கள். உரக்கடையில் அவருக்கு நாற்காலி போடுவார்களாம். ஆனால் எனக்கு மதியப் பாடவேளை வந்தாலே கண் ஜன்னலுக்குப் போய்விடும். வெயில் வேப்பமரத்து இலைகளின் வழியாக இறங்கி மண்ணில் ஆடிக்கொண்டிருக்கும். நான் அதைப் பார்ப்பேன், பிள்ளைகள் என்னைப் பார்க்கும். ஒரு கோடை விடுமுறையில் வீட்டுக்கு வந்தவர்களுக்குச் செய்து கொடுத்த எலுமிச்சை ஐஸ் டீயைக் குடித்துவிட்டு எல்லோரும் இன்னொரு தம்ளர் கேட்டார்கள். பள்ளி திறந்தபோது நான் திரும்பிப் போகவில்லை.

அன்றிலிருந்து அப்பா என் வீட்டில் பச்சைத் தண்ணீர்கூடக் குடிப்பதில்லை. கோபமாக நாலு வார்த்தை திட்டியிருந்தால் நானும் பதிலுக்குப் பேசி, அழுது, அன்றே முடிந்திருக்கும். அப்பா அப்படிப்பட்டவர் இல்லை. வாரம் தவறாமல் மொபெட்டில் வருவார். அரிசி, கீரை, முருங்கைக்காய் எல்லாம் இறக்கி வைப்பார். வாசலில் பிளாஸ்டிக் நாற்காலியில் உட்கார்ந்து துண்டால் கழுத்தைத் துடைத்துக்கொள்வார். தண்ணீர்ச் சொம்பை நீட்டினால், "இப்பத்தான் குடிச்சேன்" என்பார். பெண் வீட்டில் தகப்பன் வாய் நனைக்காமல் திரும்பிப் போகிறார் என்றால் அது எப்படி இருக்கும் என்று பெண்ணைப் பெற்றவர்களுக்கும் பெண்ணாய்ப் பிறந்தவர்களுக்கும் சொல்ல வேண்டியதில்லை.

ஒருநாள் பொறுக்க முடியாமல் ஐஸ் மிதக்கிற தம்ளரையே அவர் கையருகில் வைத்துவிட்டேன். ரொம்ப நேரம் பார்த்தார். தம்ளருக்கு வேர்த்து, நாற்காலிக் கையில் ஈரவட்டம் விழுந்தது. அப்பா எழுந்து மொபெட்டை உதைத்தார்.

"சோறு ஆறலாம் பாப்பா. டீ ஆறக்கூடாது. ஆறின டீய விக்கவா உன்னைப் படிக்க வச்சேன்?"

நிறம் மாறுகிற நேரம்

செய்முறையில் ரகசியம் ஒன்றும் இல்லை. கொதித்த தண்ணீரை இறக்கி வைத்து அதில் டீத்தூளைப் போட்டு மூட வேண்டும். நம்மூர் வழக்கப்படி தூளையும் சேர்த்துக் கொதிக்கவிட்டால் கசந்துவிடும். சாயம் இறங்கியதும் வடிகட்டி, சூடு இருக்கும்போதே சர்க்கரையைக் கரைத்து, தானாக ஆற விட வேண்டும். அவசரப்பட்டுச் சூட்டோடு ஃபிரிட்ஜில் வைத்தால் குளத்துத் தண்ணீர் மாதிரி கலங்கிப்போகும். என் முதல் பானை முழுக்க அப்படித்தான் கலங்கிப்போய், கொல்லையில் வாழைக்குப் போனது.

ஆறிய பிறகுதான் எலுமிச்சைச் சாறும் நாலு புதினா இலையும். இந்த இடம் வந்ததும் எனக்கு வேறு எந்த வேலையும் ஓடாது. கறுத்த டீயில் சாறு விழுந்ததும் நிறம் இளகும். பழுப்பு மெல்ல மெல்லத் தேன் நிறமாகும். மத்தியான வேளையில் அந்தப் பாட்டிலை ஜன்னல் வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்தால், உள்ளே ஒரு சாயங்காலம் வந்துவிட்டது மாதிரி இருக்கும். தெருவில் ஆள் நடமாட்டம் இருக்காது. பக்கத்து வீட்டு ரேடியோ தூரத்தில் எங்கேயோ பாடுகிற மாதிரிக் கேட்கும். நான் பாட்டிலைச் சாய்த்துச் சாய்த்துப் பார்த்துக்கொண்டு நிற்பேன். இதைப் பார்ப்பதற்காகத்தான் வேலையை விட்டேனோ என்றுகூடத் தோன்றும்.

என் வீட்டுக்காரர் கீழவாஞ்சூர் துறைமுகத்தில் கிரேன் ஓட்டுகிறார். பகல் ஷிப்ட் முடிந்து நிலக்கரித் தூசியோடு வந்தவர், ஒருநாள் வாசலிலேயே செருப்போடு நின்று என்னையும் பாட்டிலையும் மாறி மாறிப் பார்த்தார். நானாகத் திரும்பவில்லை என்றதும் தொண்டையைச் செருமினார்.

"ஜன்னல்ல மூணு பேர் நிக்கிறாங்க மதி. பாத்து முடிச்சிட்டீன்னா அவங்களுக்கும் கொஞ்சம் ஊத்திக் குடு."

பால் பாக்கெட்

எதிர் வீட்டு ஹாஜரா லாத்தா (அக்காவை அவர்கள் வீட்டில் அப்படித்தான் கூப்பிடுவார்கள்) முதல் நாளே ஒரு பாட்டில் வாங்கிக்கொண்டு போனார். மறுநாள் காலையில் கதவைத் திறந்தால் வாசல் கம்பியில் ஒரு பால் பாக்கெட் தொங்கிக்கொண்டிருந்தது. பால்காரர் மாற்றிப் போட்டுவிட்டார் என்று எடுத்து வைத்தேன். அடுத்த நாளும் தொங்கியது. மூன்றாம் நாள் லாத்தாவே பாக்கெட்டோடு வந்துவிட்டார். வந்தவர் குரலைத் தாழ்த்தி, வீட்டுக்காரருக்குத் துறைமுகத்தில் வேலை ஒழுங்காக இருக்கிறதா, சம்பளம் வருகிறதா என்று விசாரித்தார். எனக்கு ஒன்றும் விளங்கவில்லை.

லாத்தா பாட்டிலைக் கொண்டுபோய், இரக்கப்பட்டுத் தன் வீட்டுப் பாலை அதில் ஊற்றியிருக்கிறார். எலுமிச்சை விழுந்த டீயில் பால் என்னவாகும்? திரிந்து திப்பி திப்பியாக நின்றிருக்கிறது. பால் கெட்டுப்போயிற்று என்று அதைக் கொட்டிவிட்டு, நல்ல பாலாக எனக்கே வாங்கித் தந்துவிடலாம் என்று முடிவு செய்திருக்கிறார். நான் பொறுமையாக விளக்கினேன். எல்லாவற்றையும் தலையாட்டிக் கேட்டுக்கொண்டு என் கையைப் பிடித்துக்கொண்டார்.

"அதெல்லாம் சரிதாம்மா. கஷ்டம்னா லாத்தாகிட்ட வாயத் தொறந்து சொல்லணும். பாலில்லாம யாராச்சும் டீ விப்பாங்களா?"

பெட்டிக்கு ஞாபகம் இருக்கிறது

மீன்பிடித் தடைக்காலத்தில் கிளிஞ்சல்மேட்டிலிருந்து ஒரு ஆர்டர் வந்தது. படகு கரையேறிக் கிடக்கும் மாதங்கள் அவை. பெயின்ட் அடிப்பதும் வலை பின்னுவதுமாக ஆட்கள் வெயிலில் கிடப்பார்கள். கேன் நிறையக் கொண்டுபோனேன். மணலைப் பார்க்கவே கண் கூசியது. கடல் மட்டும் யாருக்கும் வேலை வைக்காமல், தானாக வந்து தானாகப் போய்க்கொண்டிருந்தது. இழுத்துப் போட்ட நீல வலைக்கு நடுவில் உட்கார்ந்து பார்த்தால், தரையும் தண்ணீர் மாதிரியே அசைந்தது. நான் வந்த வேலையை மறந்து கொஞ்ச நேரம் உட்கார்ந்துவிட்டேன்.

அதற்குள் படகுக்கார அண்ணன் ஒருவர், டீ சூடாகிவிடக் கூடாது என்ற நல்லெண்ணத்தில், கேன் மூடியைத் திறந்து குடிதண்ணீருக்காக மீன் பெட்டியில் போட்டு வைத்திருந்த ஐஸை வாரி உள்ளே போட்டுவிட்டார். பெட்டியில் மீன் இல்லைதான். ஆனால் பெட்டிக்கு ஞாபகம் இருக்கிறதே! ஒரு மடக்கு குடித்துப் பார்த்தேன். எலுமிச்சை வாசனை, புதினா வாசனை எல்லாம் தாண்டி, போன சீசன் வஞ்சிரம் வந்து நின்றது. ஐயோ, பெயர் கெட்டுப்போகிறதே என்று கேனைத் தூக்கப் போனேன். அண்ணன் அதற்குள் இரண்டாவது தம்ளரை நிரப்பிக்கொண்டிருந்தார்.

"இருக்கட்டும் விடுங்க தங்கச்சி. இப்பத்தான் நம்ம ஊரு டீ மாரி இருக்கு!"

பூவத்தில் வளைகாப்பு

இத்தனையும் தாங்கினேன். பூவத்து ஆர்டரைத்தான் ஒப்புக்கொள்ளப் பயந்தேன். ஒன்றுவிட்ட சித்தப்பா பெண் கவிதாவுக்கு வளைகாப்பு. வருகிறவர்களுக்கு என் டீதான் கொடுக்க வேண்டும் என்று அவளே ஒற்றைக்காலில் நின்றாளாம். பந்தலில் அப்பாவும் இருப்பார். சொந்தக்காரர்கள் முன்னால் என் தம்ளரை அவர் வேண்டாம் என்று எப்படிச் சொல்வார்? இன்று அவர் குடித்தே ஆக வேண்டும் என்று மனசுக்குள் கணக்குப் போட்டுக்கொண்டே எலுமிச்சை பிழிந்தேன். கொட்டை நசுங்கினால் கசக்கும் என்று ஒவ்வொரு பழத்தையும் பூப்போலப் பிழிந்தேன்.

முதல் வரிசையில் இருந்த பெரியத்தை தம்ளரை வாங்கி, உற்றுப் பார்த்து, அப்படியே தரையில் வைத்தார். "பாலில்லாத டீய எழவு வீட்லதான் குடுப்பாங்க. வளைகாப்பு வீட்ல இதென்ன?" என்று கேட்டார். சத்தமாகக்கூடக் கேட்கவில்லை. ஆனால் வரிசையாக ஒவ்வொரு தம்ளரும் கீழே இறங்கியது. நம்மூரில் துக்க வீட்டில் அடுப்பு மூட்டாமல் பக்கத்து வீட்டிலிருந்து கடுங்காப்பியும் வெறும் டீயும் வருகிற வழக்கத்தை நான் எப்படி மறந்தேன்? பந்தல் ஓரத்தில் அப்பா தலையைக் குனிந்துகொண்டிருந்தார். அந்த நிமிடம் பூமி பிளந்திருந்தால் கேனோடு உள்ளே போயிருப்பேன்.

மணையில் உட்கார்ந்திருந்த கவிதாதான் கையை நீட்டினாள். பட்டுப்புடவை, மாலை, கன்னத்தில் சந்தனம், இரண்டு கையிலும் வளையல். பாவம், நெற்றியிலிருந்து வேர்வை சொட்டிக்கொண்டிருந்தது. வளையல்கள் குலுங்க ஒரே மூச்சில் குடித்து முடித்தாள். தம்ளரைக் கவிழ்த்துக் கடைசி ஐஸ் துண்டையும் வாயில் போட்டுக்கொண்டாள். பெரியத்தை வாயைத் திறந்தார். அதற்குள் கவிதா முந்திக்கொண்டாள்.

"எலுமிச்சம்பழம் மங்கலந்தானே அத்தை? மதியக்கா, இன்னொன்னு குடுங்க. உள்ள இருக்குற புள்ளைக்கும் வேர்க்குதாம்."

அடுப்பில் ஒரு புதினா இலை

பந்தலே சிரித்தது. தம்ளர்கள் ஒவ்வொன்றாக மேலே போயின. கடைசியில் பெரியத்தைகூட ஒரு வாய் குடித்துவிட்டு, சர்க்கரை கம்மி என்றார். ஆனால் நான் அப்பாவுக்கென்று தனியாக ஊற்றிய தம்ளரோடு பந்தல் ஓரத்துக்குப் போனபோது நாற்காலி காலியாக இருந்தது. கேன் காலியாகிவிட்டது, ஆனாலும் நான் பஸ்ஸில் ஜன்னல் பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டு வந்தேன்.

அதற்கப்புறம் அவர் வரவே இல்லை. அரிசி வரவில்லை, கீரை வரவில்லை. நான் எலுமிச்சையைப் பிழிவேன். நிறம் மாறும். பார்க்கத் தோன்றாது. பிறகு ஒரு மத்தியானம், கடற்கரைச் சாலையில் ஒரு வீட்டுக்குப் பாட்டில்களைக் கொடுத்துவிட்டுத் திரும்பி வந்தால், வாசலில் மொபெட் நிற்கிறது. பிளாஸ்டிக் நாற்காலியில் ஆள் இல்லை. கதவு திறந்திருந்தது. சாவியை மீட்டர் பெட்டிக்குள் வைப்பது அவருக்குத் தெரியும்.

அடுப்படிக்குப் போனேன். அடுப்பின் மேல் பால் காய்ச்சுகிற சின்னப் பாத்திரம் இருந்தது. அடியில் தேன் நிறத்தில் இரண்டு சொட்டு. பாத்திரத்தின் ஓரத்தில் ஒரு புதினா இலை வெந்து, கறுத்து ஒட்டிக்கொண்டிருந்தது. ஃபிரிட்ஜைத் திறந்து பார்த்தேன். ஒரு பாட்டில் பாதிக்குமேல் இறங்கியிருந்தது. எனக்குச் சிரிப்பும் அழுகையும் ஒன்றாக வந்தன. கூடத்தில் மின்விசிறிக்குக் கீழே அப்பா, ஆவி பறக்கிற தம்ளரை ஊதி ஊதிக் குடித்துக்கொண்டிருந்தார். கடற்காற்று அப்போதுதான் வந்து ஜன்னல் திரையை உள்ளே தள்ளியது. நான் கதவு நிலையில் சாய்ந்து நின்றேன். நின்றுகொண்டே இருக்கலாம் போல இருந்தது. அவர் என் முகத்தைப் பார்க்கவில்லை. தம்ளரைத்தான் பார்த்தார்.

"காதுகுத்துக்கு உன் டீதான் வேணுன்னு ஊர்ல ரெண்டு வீட்ல என்கிட்ட கேக்குறாங்க. எப்புடி இருக்கும்னு கேட்டா நான் சொல்லத் தெரியாம முழிக்கிறதா? அதான் எடுத்தேன். ஆறிப்போய்க் கெடந்திச்சு, சுட வச்சேன். நல்லாத்தான் பாப்பா இருக்கு. பாட்டில்ல மீதி இருக்கு பாரு, அதையும் சுட வச்சு எடுத்துட்டு வா."

ஐஸ் டீயைச் சுட வைத்துக் கொடுக்கிற வீடு காரைக்காலிலேயே எங்களுடையது ஒன்றுதான், அதற்கு இருக்கிற ஒரே வாடிக்கையாளரும் கீரைக்கட்டைக் கொடுத்துவிட்டுக் காசு கொடுக்காமல் போய்விடுகிறார்.