மூன்றாம் வரிசை, இடது ஓரம்

ஆஸ்பத்திரிச் சலவைக்கூடத்தில் அவளை எல்லோரும் ஸ்டார் என்றுதான் கூப்பிடுவார்கள். பாதிப் பேருக்கு அது பட்டப்பெயர் என்பதே தெரியாது. நீராவிக்கும் அழுக்குத் துணி வண்டிகளுக்கும் நடுவிலேயே தலை நரைத்து, மேற்பார்வையாளரும் ஆகிவிட்டாள். பத்தொன்பது வயதில் ஒரு பாட்டுப் படத்தில், ரயில் நிலையக் காட்சியில், காலிப் பெட்டியோடு கூட்டத்தில் ஆடியிருக்கிறாள். மஞ்சள் கவுன், மூன்றாம் வரிசை, இடது ஓரம்.

சொல்லிச் சொல்லி வாய் வலித்ததுதான் மிச்சம். வீட்டிலிருந்த வீடியோ கேசட்டில் அவள் இல்லவே இல்லை. டி.வி.யின் சதுரத்துக்குள் அடக்குவதற்காகப் படத்தின் இரண்டு ஓரங்களையும் வெட்டியிருந்தார்கள். குழாய் வேலை பார்க்கும் தம்பிக்கு அது போதாதா? "எங்கக்காவும் இதுல நடிச்சிருக்கா. என்ன, டி.வி.க்கு வெளிய நின்னு நடிச்சிருக்கா" என்று வீட்டுக்கு வருகிறவர்களிடமெல்லாம் சொல்லிச் சிரிப்பான்.

தம்பி மகள் அந்தப் படத்தின் புது டிஸ்க்கை வாங்கி வந்தாள். பழைய ஃபிலிமைச் சுத்தம் செய்து, ஓரங்களை வெட்டாமல் போட்டது. ஞாயிறு மதியம் ஜன்னல் திரையை இழுத்துவிட்டு எல்லோரும் உட்கார்ந்தார்கள். அவளால் மட்டும் உட்கார முடியவில்லை. சோபாவுக்குப் பின்னால் நின்று துண்டு மடித்துக்கொண்டிருந்தாள்.

படம் துடைத்த கண்ணாடி மாதிரி இருந்தது. நிலையத்துக் கடிகாரம் வெறும் பெயிண்ட் என்பதும், தரையில் சாக்பீஸ் கோடு போட்டிருப்பதும்கூடத் தெரிந்தன. பாட்டு வந்தது. மூன்றாம் வரிசை முன்னால் நகர்ந்தது.

"அத்தை! அதோ இடது ஓரத்துல, மஞ்சள்!" தம்பி மகள் படத்தை நிறுத்தினாள்.

கழுத்தை நிமிர்த்தி, காலைக் கம்பியாக நீட்டி, ஓர் அழகி சிரித்துக்கொண்டிருந்தாள்.

"அம்மாடி, எப்படி இருந்திருக்கீங்க அண்ணி!" என்றாள் தம்பி மனைவி.

தம்பி காதைப் பிடித்துக்கொண்டான். "தப்புதான்க்கா. இத்தன வருஷமா எனக்கு வாய்க்கொழுப்பு."

கிண்டலே இல்லாத ஒரு 'அக்கா'. இதைக் கேட்கத்தான் அவள் காத்திருந்தாள். வாயை மூடிக்கொண்டிருந்தால் போதும். ஆடுகிறவளின் இடது பார்க்கிறவனுக்கு வலது என்று இந்த வீட்டில் யாருக்குத் தோன்றப்போகிறது? ஆனால் தம்பி நம்பியது அந்த அழகியைத்தானே, இவளை இல்லையே.

துண்டைக் கீழே வைத்தாள்.

"அது நான் இல்ல. அந்தப் பக்கத்து ஓரத்துல இருக்கற மஞ்சளப் பாரு. நான் எங்களுக்கு இடதுன்னு சொன்னேன்."

"அங்கயா? ஒருத்தி தப்பா திரும்பி, பக்கத்துல இருக்கறவ மேலயே இடிக்கிறா அத்தை!"

"அவதான்."

தம்பி சோபாவில் உருண்டான். "அக்காவேதான்! சாட்சியே வேணாம்! திறந்திருக்கிற கதவுலயே முட்டிக்கிறவ ஆச்சே!"

"அப்பா, சும்மா இருங்க. நிறுத்திடட்டுமா அத்தை?"

"ஓடட்டும். தியேட்டர்ல இந்த இடத்துல முகத்தப் பொத்திக்கிட்டேன். அப்புறம் என்ன பண்ணேன்னு எனக்கே தெரியாது."

படம் ஓடியது. இடிபட்டவள் முறைத்தாள். மஞ்சள் கவுன்காரி கீழே விழுந்த பெட்டியை எடுத்துக்கொண்டு, வாயெல்லாம் பல்லாக, தாளத்துக்கு ஓர் அடி பின்னால், வரிசையைத் துரத்திக்கொண்டு ஓடினாள். பிடித்தும்விட்டாள்.

தம்பியின் சிரிப்பு நின்றிருந்தது. அவள் சோபாவைச் சுற்றி வந்து, "தள்ளி உக்காருடா" என்று அவனை இடித்துக்கொண்டு உட்கார்ந்தாள்.