விற்றவனுக்குப் பதிலாக வந்தவர்

மாரெட்பள்ளி வீட்டை எனக்கு விற்பதாக ஒப்பந்தம் எழுதிக் கொடுத்துவிட்டு, கோர்ட் சொல்லியும் பத்திரத்தில் கையெழுத்துப் போட மறுத்தான் வீட்டுக்காரன். அவனுக்குப் பதிலாகப் போட கோர்ட்டே ஒரு குமாஸ்தாவை அனுப்பியது. ஒல்லி மனிதர், பேனாவைத் தொடுமுன் சட்டையின் மேல் பொத்தானைப் போட்டுக்கொள்வார். எனக்கு ஒரே குஷி. கைநாட்டுக்காரி நான், கட்டைவிரலைச் சோப்புப் போட்டுத் தேய்த்துக்கொண்டு போயிருந்தேன்.

வீட்டுக்காரன் பத்திர ஆபீஸ் வாசலில் வந்து கத்தினான். "என் வீட்ட விக்க நீ யாருடா?"

குமாஸ்தா எழுந்து நாற்காலியைக் காட்டினார். "நீங்க வந்துட்டா நான் யாருமில்ல சார். உக்காந்து போடுங்க."

"நக்கோ. செத்தாலும் போடமாட்டேன்."

"இவன்கிட்ட என்ன கெஞ்சல்? என் வீடு, போடுங்க சார்," என்றேன்.

"நான் போடற வரைக்கும் அவர் வீடும்மா."

அவன் படியிறங்கும்வரை நின்றே இருந்தார். பிறகுதான் உட்கார்ந்து போட்டார்.

வீடு என்னுடையதாகிவிட்டது. அவர் யார் பக்கத்து ஆள் என்பதுதான் இன்னும் எனக்குப் பிடிபடவில்லை.