பிந்தி விழும் மோதிர விரல்

டெலிவிஷன் நாடகங்களுக்குப் பியானோ வாசிக்க ஹெஸ்டர் லண்டனுக்கு ரயிலேறியது 1949 பிப்ரவரியில், ஒரு செவ்வாய்க்கிழமை. அப்பா ஏமஸ் வழியனுப்ப வரவில்லை. யார்க்‌ஷயரில் வீடு வீடாகப் போய்ப் பியானோவுக்குச் சுருதி சேர்ப்பவர் அவர். அன்றைக்கென்று எங்கோ வேலை வைத்துக்கொண்டார்.

முந்தின நாள்தான் வாக்குவாதம்.

"டெலிவிஷன்ல ஒன் மூஞ்சியும் தெரியாது, பேரும் வராதுங்கிற. அப்புறம் யாருக்கும்மா வாசிக்கப் போற?"

"நீங்க கேப்பீங்கல்லப்பா."

"அந்தக் கண்றாவி இந்த ஊருக்கு எங்க வருது?"

அதோடு பேச்சு நின்றது. மாதம் ஒரு கடிதம் போட்டாள். பதில் வரவில்லை.

அப்போது நாடகமெல்லாம் நேரடி ஒளிபரப்பு. நடிகையின் முன்னால் இருப்பது, கம்பிகளில் கம்பளித் துணி திணித்த ஊமைப் பியானோ. நிஜப் பியானோ தட்டிக்குப் பின்னால். தட்டியில் ஒரு ஓட்டை. அதன் வழியே நடிகையின் கையைப் பார்த்தபடி ஹெஸ்டர் வாசிப்பாள். சின்ன வயதில் பியானோ மூடி விழுந்து நசுங்கிய மோதிர விரல் மட்டும் ஒரு மயிரிழை பிந்தித்தான் விழும். அதை அங்கே எவரும் கண்டுபிடித்ததில்லை.

இரண்டு வருஷத்தில் வடக்கே மலைமேல் ஒளிபரப்புக் கோபுரம் நட்டார்கள். படம் யார்க்‌ஷயருக்கும் போயிற்று. அன்றிலிருந்து பியானோ முன் உட்காரும்போதெல்லாம் அவளுக்கு ஒரே நினைப்புதான். அப்பா கேட்பாரா? கேட்டால், நான்தான் என்று தெரியுமா?

ஒரு ஞாயிற்றுக்கிழமை நாடகத்தில் ரோசலிண்ட் என்ற நடிகைக்கு விதவை வேஷம். கையை உயர்த்தினாள். ஹெஸ்டர் வாசிக்கத் தொடங்கினாள். ரோசலிண்டோ கைக்குட்டையால் மூக்கைத் துடைத்துக்கொண்டிருந்தாள். பியானோ தானாகப் பாடியதை நாடே பார்த்தது.

"கண்ணு எங்கடி போச்சு ஒனக்கு?" முடிந்ததும் ரோசலிண்ட் பாய்ந்து வந்தாள்.

"ஓட்டையிலதான் இருந்துச்சு, மேடம். நீங்க கையத் தூக்கினீங்க."

"மூக்கு சிந்தத் தூக்கினேன்டி!"

"விடுங்க மேடம், செத்த புருஷன் வந்து வாசிச்சிட்டுப் போனான்னு நெனச்சுக்குவாங்க" என்றான் தட்டி தூக்கும் பெர்சி. ரோசலிண்டுக்கே சிரிப்பு வந்துவிட்டது. ஹெஸ்டரும் சிரித்தாள், பிறகு குளியலறைக் கதவைச் சாத்திக்கொண்டு அழுதாள். அப்பா பார்த்திருந்தால், இதையா பார்த்திருக்க வேண்டும்?

அந்த ஞாயிற்றுக்கிழமைக்கு ஆறு வருஷம் கழித்து ஒரு தபால் அட்டை வந்தது. பென்சில் எழுத்து.

"ஹெஸ்டர், அந்த விதவை நாடகத்தை அடுத்த வீட்டில் பார்த்தேன். அந்தம்மா மூக்கைத் துடைக்கும்போதே பியானோ கேட்டது. எல்லோரும் சிரித்தார்கள். வாசிப்பது வேறு யாரோ என்று அப்போதுதான் எனக்குப் புரிந்தது. கண்ணை மூடிக்கொண்டு கேட்டேன். மோதிர விரல் பிந்தி விழுந்தது. ஆறு வயதில் உன் விரல்மேல் மூடியைப் போட்டவன் நான், எனக்குத் தெரியாதா? அன்றைக்கே எழுத உட்கார்ந்தேன், கை வரவில்லை. அதற்கப்புறம் ஒரு ஞாயிறு நாடகத்தையும் விட்டதில்லை. போன வாரம் சொந்தமாக ஒரு டெலிவிஷன் பெட்டியும் வாங்கிவிட்டேன். உங்கள் பியானோவில் நடுக்கட்டை ஒன்று சுருதி இறங்கியிருக்கிறது. ஆள் கிடைக்காவிட்டால் சொல், நான் வருகிறேன். அப்பா."