தாமதத்துக்கு என் கணவர் சொன்ன சாட்சி

பள்ளிப்பட்டில் என் கணவரும் என் தம்பியும் ஒரே கொட்டகையில் கூட்டாகப் பவர்லூம் ஓட்டினார்கள். எழுபதுகளின் நடுவில் அந்தக் கூட்டு முறிந்தது. பெரிய காரணம் ஒன்றும் இல்லை. இருவருக்கும் ஒரே மாதிரி கோபம் வரும், ஒரே நேரத்தில் வரும், அவ்வளவுதான். தெரிந்த நூல் வியாபாரி ஒருவரை மத்தியஸ்தராக வைத்துக் கையெழுத்துப் போட்டார்கள். அவர் தறிகளைப் பாதிப் பாதியாகப் பிரித்துவிட்டுக் கொட்டகையை முழுசாக என் கணவருக்கே கொடுத்துவிட்டார். தம்பி தன் தறிகளை எங்கே போட்டு ஓட்டுவான் என்று அவர் யோசிக்கவில்லை.

அந்தத் தீர்ப்பு திருத்தணி கோர்ட்டில் தாக்கலாகி நோட்டீஸ் வந்தது. ஆட்சேபணை இருந்தால் ஒரு மாதத்துக்குள் மனு போட வேண்டும். தம்பி வக்கீலைப் பார்க்கக் கிளம்பிய சமயம் அவனுக்கு அம்மை போட்டது. அவன் தேறுவதற்குள் குழந்தைக்கு, அப்புறம் அவன் பெண்டாட்டிக்கு. வாசலில் வேப்பிலை செருகிய வீட்டிலிருந்து யாரும் வெளியூர் போவதில்லை. எல்லாருக்கும் தலைக்குத் தண்ணீர் ஊற்றி முடித்து அவன் திருத்தணிக்குப் போனபோது கெடு தாண்டிவிட்டது. அவனுடைய வக்கீல், தாமதத்தை மன்னிக்கச் சொல்லித் தனியாக ஒரு மனுவும் சேர்த்துப் போட்டார்.

எங்கள் வக்கீலுக்கு அதில் சந்தோஷம்.

"டாக்டர் சர்டிபிகேட் இல்ல. அம்மை வந்ததே எனக்குத் தெரியாதுன்னு சொல்லிடுங்க. தாமதத்துலயே மனு தள்ளுபடி ஆயிடும்" என்றார்.

அம்மைக்கு எங்கள் பக்கத்தில் யார் டாக்டரைக் கூப்பிட்டார்கள்? என் கணவர் தலையை மட்டும் ஆட்டினார். அந்த நாட்களில் அவருக்குத் தெரியாமல் தம்பி வீட்டு வாசலில் இளநீர் வைத்துவிட்டு வந்தவள் நான்.

விசாரணையன்று தம்பியின் வக்கீல் என் கணவரைக் கேட்டார்.

"உங்க மச்சான் வீட்ல அம்மை போட்டிருந்தது தெரியுமா?"

அவர் எங்கள் வக்கீலைப் பார்த்தார். பிறகு தம்பியைப் பார்த்தார். தம்பியின் முகத்தில் வடுக்கள் இன்னும் கறுப்பாகவே இருந்தன.

"தெரியும்ங்க."

"எப்படித் தெரியும்?"

"என் வூட்டுக்காரி தெனம் எளநி எடுத்துக்கினு போவா. எனக்குத் தெரியாதுன்னு நெனச்சிக்கினு இருந்தா. தீரத் தீர நான்தான் வாங்கிப் போட்டுக்கினு இருந்தேன்."

பின்பெஞ்சில் இருந்த நான் தலையைக் குனிந்துகொண்டேன். வெட்கமா அழுகையா என்று எனக்கே தெரியவில்லை.

ஜட்ஜ் நிமிர்ந்து, "அப்ப அவரால வர முடியலன்னு நீங்களே ஒத்துக்கிறீங்களா?" என்றார்.

"ஆங். எழுந்து நிக்கக்கூட முடியலங்க அவனால. ஆனா கொட்டாய் என்னுதுதாங்க."

கோர்ட்டில் எல்லாரும் சிரித்துவிட்டார்கள். தாமதம் மன்னிக்கப்பட்டது.

வெளியே வந்ததும் எங்கள் வக்கீல், "உங்க கேஸை நீங்களே கெடுத்துட்டீங்க" என்று எரிந்து விழுந்தார்.

"கேஸு அப்படியேதானே சார் இருக்குது. அத ஜெயிச்சுக் குடுங்க" என்றார் இவர்.

ஊருக்குத் திரும்பும் பஸ்ஸில் தம்பியும் ஏறினான். கொஞ்ச தூரம் போனதும், "பாவா, அங்க வெயில் அடிக்குது. இப்படி வந்து குந்துங்க" என்றான்.

"கொட்டாய விட்டுத் தரமாட்டேன்" என்றார் இவர்.

"நானும் கேக்கறத விடமாட்டேன்."

இவர் எழுந்துபோய் அவன் பக்கத்தில் உட்கார்ந்துகொண்டார்.

பிறகு மனுவை முழுசாக விசாரித்த கோர்ட்டு, கொட்டகை விஷயத்தை மட்டும் மறுபடி மத்தியஸ்தருக்கே அனுப்பியது. அவர் இந்தத் தடவை நேரில் வந்து பார்த்து, நடுவில் சுவர் வைத்து ஆளுக்குப் பாதி என்று எழுதிக் கொடுத்தார். என் கணவர் சில நாள் முணுமுணுத்தார். எனக்கு நிம்மதி. சுவர் எழுப்பியபோது இருவரும் கூடவே நின்று செங்கல் எடுத்துக் கொடுத்தார்கள். சுவர் யார் பக்கம் சாய்ந்திருக்கிறது என்று அன்று சாயங்காலமே அடுத்த சண்டை ஆரம்பித்தது.