ஆறு படங்களிலும் அக்கா பேசவில்லை

அக்கா எங்களை விட்டுப் போய் இந்த மாதத்தோடு ஒரு வருடம் ஆகிறது. கடைசிவரை கூட இருந்தவள் நீதான், நினைவு மலருக்கு நீயே எழுது என்று அண்ணன் சொல்லிவிட்டார். நான் பள்ளியில் சாதாரண தரப் பரீட்சைவரைதான் படித்தேன். நாலு பேர் முன்னால் வாய் திறக்கவே கூச்சப்படுகிறவள். ஆனால் அக்காவைப் பற்றி நம் உறவுக்குள் ஒரு பேச்சு இருக்கிறது. அது தவறு என்று சொல்ல எனக்கு வேறு இடம் கிடைக்காது. அதனால் எழுதுகிறேன்.

அக்கா பொகவந்தலாவைப் பக்கத்தில் ஒரு தேயிலைத் தோட்டத்தின் வரிசை வீடுகளான லயத்தில் எங்கள் பெற்றோருக்கு மூத்த பிள்ளையாகப் பிறந்தார். ஐந்தாம் வகுப்போடு நின்று, வயது வந்ததும் கொழுந்து பறிக்கப் போனார். அம்மாவுக்கு மூச்சிழுப்பு. அண்ணனையும் என்னையும் குளிப்பாட்டி, தலைவாரிப் பள்ளிக்கு அனுப்பியவர் அக்காதான். எனக்கும் அவருக்கும் பதினான்கு வயது வித்தியாசம். அதே தோட்டத்துத் தொழிற்சாலையில் வேலை செய்த அத்தானுக்கு வாழ்க்கைப்பட்டார். பிள்ளைகள் இல்லை.

ஒரு தடவை கொழும்பிலிருந்து சிங்களப் படம் எடுக்க வந்தார்கள். மலையில் கொழுந்து பறித்துக்கொண்டிருந்த பெண்களில் அக்காவைக் காட்டி, இவர்தான் வேண்டும் என்றார் டைரக்டர். அக்காவுக்குக் கடைக்குப் போய்வரும் அளவுக்குத்தான் சிங்களம் தெரியும். வசனம் கொடுத்தால் நாக்கு ஒட்டிக்கொண்டது. டைரக்டர் தனக்குத் தெரிந்த தமிழில், "பேச வேணாம். பாத்தா போதும்" என்றார். மேற்பார்வைக்கு நின்ற கண்டாக்கு ஐயாவுக்குப் பொறுக்கவில்லை. "ஏய், அங்க என்னா பார்வ? கொழுந்த பாரு! முத்தல புடுங்காத!" என்று கத்தினார். அந்தக் காட்சியை மறுபடி எடுத்தார்களாம்.

அதன் பிறகு டயகமவில் படம் எடுத்தாலும் பூண்டுலோயாவில் எடுத்தாலும் அக்காவைத் தேடி ஆள் வரும். எட்டு வருடத்தில் ஆறு படங்கள். கொழுந்துக்காரியாக, பிள்ளையைத் தேடும் தாயாக, பஸ்ஸுக்கு நிற்கிறவராக நடித்தார். ஒன்றிலும் ஒரு வார்த்தை கிடையாது. லயத்தில், "ஊமப் படக்காரி போறா பாரு" என்பார்கள். அக்கா சிரித்துக்கொண்டு போவார். கண்ணுக்கு மருந்து போடாமலே அழுகிறார் என்று படக்காரர்கள் மெச்சினார்கள். எப்படிக்கா என்று கேட்டேன். "கொழுந்து நிறுக்கையில கிலோ வெட்டுவாங்கல்ல, அத நெனச்சுக்குவேன்டி. தன்னால கொட்டும்" என்றார்.

ஆறாவது படத்தோடு எல்லாம் கெட்டது. அதில் கணவன் இறந்துபோகும் காட்சி ஒன்று. பிணத்தின் முன்னால் பெண்கள் அக்காவின் தாலிக்குக் கை நீட்டியதைத் தூரத்தில் நின்று பார்த்தவர்கள், "படத்துக்காகத் தாலி அறுத்துட்டா" என்று தோட்டம் முழுவதும் சொல்லிவிட்டார்கள். அம்மா மூன்று நாள் அக்காவோடு பேசவில்லை. ஹட்டன் தியேட்டருக்குப் படம் வந்தபோது தோட்டத்திலிருந்து யாரும் போனதாகத் தெரியவில்லை. எங்கள் வீட்டிலும் யாரும் போகவில்லை, அக்காவையும் போகவிடவில்லை. பதினொரு மாதத்தில் அத்தான் மஞ்சள் காமாலையில் இறந்தார். அதற்குப் பிறகு யாருக்கும் சந்தேகம் இருக்கவில்லை. கட்டினவன் உயிரோடு இருக்கும்போதே தாலி அறுத்தவள் என்ற பேர் அக்காவுக்கு நிலைத்துவிட்டது.

அக்கா பிறகு நடிக்கவில்லை. வந்த ஆட்களை வாசலிலேயே கும்பிட்டு அனுப்பிவிட்டார். ஓய்வு பெறும்வரை கொழுந்து பறித்தார். கல்யாண வீடுகளில் அடுப்படியோடு நின்றுகொள்வார். என் கல்யாணத்திலும் அப்படித்தான்.

என் மகள் வயதுக்கு வந்த சடங்கன்று மட்டும், அவளுக்கென்று வாங்கிய சேலையைத் தட்டில் வைத்துக்கொண்டு சபைக்கு வந்து நின்றார். மகளைத் தூக்கி வளர்த்ததில் பாதி அவர்தான். அன்று அக்காவை உள்ளே அனுப்பியது என் மாமியார் என்று உங்களில் பலர் நினைக்கிறீர்கள். மாமியார் இன்று இல்லை. அந்தப் பழி அவர் மேல் நிற்கக் கூடாது. நான்தான் அக்காவின் காதோரம், "அக்கா, நீங்க கொஞ்சம் உள்ள இருங்களேன். ஆளுங்க பேசுவாங்க" என்றேன். அக்கா தட்டை என் கையில் கொடுத்துவிட்டுப் போய்விட்டார். சாப்பாட்டு நேரத்தில், "பாயாசத்துக்கு இனிப்பு பத்தலடி" என்றார். அவ்வளவுதான்.

முட்டி தேய்ந்து, சர்க்கரை வியாதியும் வந்த பிறகு எங்களோடு வந்து தங்கினார். ஐந்து வருடம். கால் புண்ணுக்கு மருந்து கட்டிக் கட்டி நானும் ஓய்ந்தேன், காட்டிக் காட்டி அவரும் ஓய்ந்தார். ஒரு ஞாயிற்றுக்கிழமை மகள் அந்த ஆறாவது படத்தைப் போனில் தேடி எடுத்தாள். மூவரும் அடுப்படியில் உட்கார்ந்து பார்த்தோம். அக்காவும் அன்றுதான் அதை முதல்முறையாகப் பார்த்தார்.

அந்தக் காட்சியில் பெண்கள் கை நீட்டுகிறார்கள். அக்கா தாலியை உள்ளங்கையில் இறுக்கிக்கொண்டு அவர்களைப் பார்க்கிறார். பார்த்துக்கொண்டே இருக்கிறார். அவர்கள் கையை எடுத்துக்கொள்கிறார்கள். தாலி கழுத்திலேதான் இருக்கிறது.

"அக்கா, நீங்க கழட்டவே இல்லையே! ஏங்கா இத்தன வருசமா ஒரு வார்த்த சொல்லல?"

"யாரு கேட்டீங்க?"

அக்காவே தொடர்ந்து சொன்னார்: "சரி, கழட்டியிருந்தா? ஒங்க அத்தான் அதுனாலதான் செத்தாருன்னு ஆயிருமாடி?"

மகள் போனை நிறுத்தப் போனாள். "இரும்மா, முடியட்டும். எம்புட்டு மெலிஞ்சிருக்கேன் பாரு" என்றார்.

மகளுக்குப் பரிசம் போட நாள் குறித்தபோது, முதல் சந்தனமும் குங்குமமும் நீங்கதான் வைக்கணும் என்று அக்காவிடம் கேட்டேன். "என் முட்டிக்கு நிக்க முடியாது, நாற்காலி போடு. ஆனா உள்ள போயி இருன்னு சொன்னா இந்தத் தடவ போக மாட்டேன்" என்றார்.

பரிசம் முடிந்த ஏழாவது வாரம், காலையில் தேத்தண்ணி கேட்டு வாங்கிக் குடித்துவிட்டுச் சாய்ந்தவர் எழுந்திருக்கவில்லை. வீட்டுக்கே வந்து புண் கழுவிவிட்ட வைத்தியசாலைத் தாதிக்கும், மழையில் வழுக்கும் பாதையில் அக்காவைச் சுமந்துபோன கீழ் லயத்துத் தம்பிமாருக்கும், பதினாறு நாளும் சோறாக்கிக் கொண்டுவந்து எங்கள் வீட்டில் அடுப்பெரியாமல் பார்த்துக்கொண்ட பெண்களுக்கும் நாங்கள் கடமைப்பட்டவர்கள்.

பரிசத்துக்கு வந்திருந்த உங்களுக்கும் நன்றி சொல்ல வேண்டும். அக்கா நடுவீட்டில் நாற்காலியில் உட்கார்ந்து மகளுக்குப் பொட்டு வைத்தார். யாராவது முணுமுணுத்தால் சொல்வதற்கென்று ஒரு வாரமாகப் பதில்களை மனப்பாடம் செய்து வைத்திருந்தேன். மாப்பிள்ளை வீட்டார் வரிசையாக வந்து அக்காவின் காலைத் தொட்டார்கள். எங்கள் பெரியம்மா வெற்றிலைத் தட்டை அவர் பக்கம் நகர்த்தினார். யாரும் ஒன்றும் சொல்லவில்லை.

சடங்கன்றும் நீங்கள்தான் வந்திருந்தீர்கள். அன்றும் நீங்கள் ஒன்றும் சொல்லியிருக்க மாட்டீர்களோ என்னவோ. நான் அதற்கு இடம் கொடுக்கவில்லை.