சுவருக்குக் கோணலாக ஒரு தரை

நான் ஐந்தாம் வகுப்பைத் தாண்டாதவன். ஆனாலும் மாவனல்லையில் சொந்த உழைப்பில் மரம் அறுத்து விற்கும் மரக்காலை வைத்து, மாடி வீடு கட்டியவன். என்னை ஏமாற்றிய கொத்துவேலை மேசன் இந்த ஊரில் இல்லை. அதனால்தான் 2004இல் எங்கள் சிறு பள்ளிவாசலான தக்கியாவுக்கு மாபிள் கல் தரை போடும் பொறுப்பை என்னிடம் தந்தார்கள்.

தரைக்குப் படம் கீறியவள் அஸீஸின் மகள் ஹபீஸா. வீட்டு முன்னறையில் கொம்பியூட்டர் வைத்துக் கல்யாணக் கார்ட் அடிப்பவள். வருமானம் போதவில்லை. இந்த வேலையும் தவறினால் கொம்பியூட்டரை விற்றுவிடுவதாக அஸீஸ் சொல்லியிருந்தார்.

படத்தைப் பார்த்ததுமே எனக்குச் சந்தேகம் தட்டியது. எட்டு முனை நட்சத்திரங்கள் சுவருக்குக் கோணலாக ஓடின. ஓரமெல்லாம் முக்கோணமாக வெட்டிய கற்கள். வெட்டினால் சேதாரம், சேதாரமானால் கல் கூடுதலாக வாங்க வேண்டும். கல் விற்பவன் அவளுடைய அண்ணன், இப்திகார் நானா. ஆண்கள் தொழும் கூடத்துக்குள் அவள் காலே வைத்ததில்லை. அளவெடுத்துக் கொடுத்தவனும் அவன்தான். விடுவேனா?

“சுவர் நேரா ஈக்க, நீ ஏன் புள்ள கோணலாக் கீறி வெச்சீக்கிறாய்?”

“சுவர் ரோட்டைப் பாத்து ஈக்கு மாமா. நாங்க பாத்துத் தொழுற கிப்லாத் திசை அந்தப் பக்கமில்லையே. கல்லு ஓடுற நேருக்குத்தான் தொழுகை வரிசையும் நிக்கும்.”

“அது சரி. வெட்டுற துண்டெல்லாம் ஒங்கட நானாட கடைக்கா போகும்?”

“இந்தச் சுவர்ல வெட்டின துண்டு எதிர்ச்சுவர்ல குந்தும். அறுத்துப் பாருங்களேன். ஒங்கள்ட்ட இல்லாத வாளா?”

வாய்த்துடுக்குதான். படத்தை எடுத்துப்போய், மரக்காலைக் கதவைச் சாத்திக்கொண்டு, மெல்லிய பலகையில் அதே வடிவங்களைச் சிறிதாக அறுத்து அடுக்கினேன். எங்காவது கள்ளம் பிடிபடும் என்றுதான் தேடினேன். ஒவ்வொரு முக்கோணமும் எதிர்ப்பக்கத்தில் போய் உட்கார்ந்தது. அப்போதும் மனம் ஒப்பாமல், கல்லைக் கேகாலை டவுனில் வேறொரு கடையில் வாங்கினேன். இப்திகார் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டான். ஹபீஸா கோபிக்கவில்லை. “அளவு மட்டும் மாறப்படாது மாமா” என்றாள்.

தரை முடிந்ததும், தொழுகைக்குத் திறக்குமுன் ஒரு தரம் பார்க்க வேண்டும் என்று கேட்டாள். திறந்துவிட்டு வாசலிலேயே நின்றேன். ஒரு மூலையில் குந்தி, விரலால் தடவினாள். அங்கிருந்த நட்சத்திரத்துக்கு ஒரு முனை குறைந்திருந்தது. மேசன் சீமெந்து பூசி மறைத்திருந்தான். என் கண்ணுக்கே தப்பியது அது ஒன்றுதான். அன்றே கிளப்பிப் போடவைத்தேன்.

பெருநாள் கழிந்ததும் ஹெம்மாத்தகமை ஊர்ப் பள்ளிவாசல் நிர்வாகத்தார் அவளுக்கு வேலை கொடுக்க வந்தார்கள். போகும் வழியில் என்னிடம் விசாரித்தார்கள்.

“ஹாஜியார், அந்தப் புள்ளய நம்பலாமா?”

“நான் நம்பல்ல. சரி பாத்தேன். படம் சரியா ஈந்திச்சு. நீங்களும் சரி பாத்துட்டுக் குடுங்க.”

அஸீஸின் வீட்டைக் கைகாட்டிவிட்டேன்.